நிலத் தகராறில் நீதிமன்றத்தை நாடுவது எப்படி: முதன்முறை வழக்குத் தொடுப்பவர்களுக்கான வழிகாட்டி

நிலத் தகராறோடு முதன்முதலாக வழக்கறிஞர் அலுவலகத்துக்கு வருகிறவர், துணிப்பையிலிருந்து முதலில் வெளியே எடுப்பது பெரும்பாலும் பட்டாவாகத்தான் இருக்கும். "பட்டா என் பேரில் இருக்கிறது, அவர் எப்படி வேலி போட முடியும்?" என்று கேட்பார். அந்தக் கேள்வியில் மூன்று தனித்தனி விஷயங்கள் கலந்து கிடக்கின்றன. நிலம் யாருக்குச் சொந்தம் என்பது ஒன்று. நிலம் இன்றைக்கு யார் கையில் இருக்கிறது என்பது இன்னொன்று. வருவாய்த் துறைப் பதிவேட்டில் யார் பெயர் ஏறியிருக்கிறது என்பது மூன்றாவது. தமிழ்நாட்டின் உரிமையியல் நீதிமன்றங்களில் ஆண்டுக்கணக்கில் நடந்து, கடைசியில் தள்ளுபடியாகும் நில வழக்குகளில் பலவும், இந்த மூன்றையும் பிரித்துப் பார்க்காமல் அவசரத்தில் தொடுக்கப்பட்டவை என்பதே நான் கண்டது. ஆகவே வழக்குரை, அதாவது வாதி தம் வழக்கை எழுத்தில் சொல்லி நீதிமன்றத்தில் தரும் மனு, எழுதத் தொடங்குவதற்கு முன் செய்ய வேண்டியவற்றுக்கே இந்தக் கட்டுரையில் அதிக இடம் தருகிறேன்.

முதலில்: நிலம் யாருடைய சுவாதீனத்தில் இருக்கிறது?

வழக்கறிஞரைப் பார்ப்பதற்கு முன்பாகவே நீங்கள் நேரில் சென்று நிலத்தைப் பார்த்துவிட்டு வர வேண்டும். வேலி இருக்கிறதா, அதை யார் போட்டார்கள், நிலத்தில் நிற்கும் பயிர் யாருடையது, மின் இணைப்பு யார் பெயரில் இருக்கிறது என்பதையெல்லாம் தேதியோடு குறித்துக்கொள்ளுங்கள். நான்கு பக்கமும் நின்று புகைப்படம் எடுத்துக்கொள்ளுங்கள். சுவாதீனம், அதாவது நிலத்தைத் தன் கட்டுப்பாட்டில் வைத்து அனுபவித்து வருவது, உரிமையிலிருந்து வேறானது. உரிமை இல்லாத ஒருவரே ஆனாலும், ஓரிடத்தில் நிலைபெற்ற சுவாதீனத்தில் இருந்தால், உண்மையான உரிமையாளரும்கூட அவரைச் சட்டத்தின் வழியாக மட்டுமே வெளியேற்ற முடியும் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை கூறியுள்ளது. இரவோடு இரவாக ஆட்களைக் கூட்டிச் சென்று வேலியைப் பிடுங்குவது, உங்கள் பக்கம் முழு நியாயம் இருந்தாலும், உங்களை ஒரு குற்ற வழக்கின் எதிரியாக்கிவிடும். உரிமையியல் வழக்கிலும் அது உங்களுக்கு எதிராகவே பேசும்.

காவல் நிலையத்தைப் பற்றியும் இங்கேயே சொல்லிவிட வேண்டும். போலி ஆவணம், ஆள்மாறாட்டம், அத்துமீறல், மிரட்டல் ஆகியவை குற்றங்கள்; அவற்றுக்குப் புகார் கொடுக்கலாம், கொடுக்கவும் வேண்டும். ஆனால் நிலம் யாருக்குச் சொந்தம் என்று முடிவு செய்யும் அதிகாரம் காவல் துறைக்கு இல்லை. தகராறு கைகலப்பில் முடியும் நிலை வந்தால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164-ஆம் பிரிவின்படி (முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145-ஆம் பிரிவு) நிர்வாக நடுவர் தலையிடலாம். அவரும் சுவாதீனம் யாரிடம் இருந்தது என்பதை மட்டுமே பார்ப்பார், உரிமையைத் தொடமாட்டார்.

ஆவணங்களைத் திரட்டுதல்

பட்டா உரிமை ஆவணம் அன்று. நில வரியை யாரிடம் வசூலிப்பது என்பதற்காக அரசு வைத்திருக்கும் பதிவிலிருந்து எடுத்துத் தரப்படுவது அது. பட்டா மாற்றம் உரிமையை உண்டாக்குவதும் இல்லை, அழிப்பதும் இல்லை. இதைத் தெரிந்துகொண்டால் இரண்டு பக்கமும் நிம்மதி கிடைக்கும்: உங்கள் பெயரில் பட்டா இருப்பதனால் மட்டும் நீங்கள் வென்றுவிட மாட்டீர்கள்; எதிர்த்தரப்பின் பெயரில் பட்டா மாறிவிட்டதனால் மட்டும் நீங்கள் தோற்றுவிடவும் மாட்டீர்கள். பட்டாவில் தவறு நேர்ந்திருந்தால், 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின்படி வட்டாட்சியரின் உத்தரவை எதிர்த்துக் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், அதன்பின் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் செய்யலாம். உரிமையிலேயே தகராறு என்றால் அதே சட்டம் உங்களை உரிமையியல் நீதிமன்றத்துக்குத்தான் போகச் சொல்கிறது.

உரிமையை நிறுவுவது பத்திரங்களின் தொடர்ச்சி. உங்கள் கிரயப் பத்திரத்திலிருந்து பின்னோக்கிப் போங்கள்: உங்களுக்கு விற்றவருக்கு அது எப்படி வந்தது, அவருக்கு முன் யாரிடம் இருந்தது என்று மூலப் பத்திரம் வரை ஒவ்வொரு கண்ணியும் இருக்க வேண்டும். இடையில் ஒரு பாகப்பிரிவினையோ, விடுதலைப் பத்திரமோ, உயிலோ வந்தால் அங்கே நின்று நிதானமாகப் பாருங்கள். உயில் இருந்தால் அதில் சாட்சிக் கையெழுத்திட்டவர்களில் ஒருவரையாவது, அவர் உயிரோடும் சாட்சி சொல்லும் நிலையிலும் இருக்கும்வரை, நீதிமன்றத்தில் விசாரித்தாக வேண்டும். பதிவு செய்யப்பட்ட உயிலுக்கும் இதே விதிதான். அந்தச் சாட்சிகள் இப்போது எங்கே இருக்கிறார்கள் என்பதை வழக்குத் தொடுக்கும் முன்பே கண்டறியுங்கள். பூர்வீகச் சொத்தாக இருந்தால் வாரிசுச் சான்றிதழில் மகள்களின் பெயர் விடுபட்டிருக்கிறதா என்று பாருங்கள். பல குடும்பங்களில் அண்ணன் தம்பிகள் மட்டும் கையெழுத்துப் போட்டு விற்றுவிட்டு, இருபது ஆண்டுகள் கழித்துச் சகோதரியின் பங்குக்காக வழக்கு வரும்போது திகைத்து நிற்கிறார்கள்.

நிலத்தின் மேல் பதிவான விற்பனை, அடமானம் போன்றவற்றைக் காட்டும் வில்லங்கச் சான்றிதழைப் பதிவுத் துறையின் இணையதளத்திலேயே எடுக்கலாம். 1975-க்கு முந்தைய காலத்துக்குப் பொதுவாகச் சார்பதிவாளர் அலுவலகத்தில் விண்ணப்பித்துக் கையால் தேடச் சொல்ல வேண்டியிருக்கும். பட்டா, அ-பதிவேடு (சர்வே எண் வாரியான கிராம நிலப் பதிவேடு), புலப்படம் (நிலத்தின் அளவு வரைபடம்) ஆகியவை அரசின் மின்சேவைத் தளத்தில் கிடைக்கின்றன. கிராமத்தின் பயிர்க் கணக்கான அடங்கலைக் கிராம நிர்வாக அலுவலரிடம் பெறலாம். அது பசலி எனப்படும் வருவாய்த் துறை ஆண்டுக் கணக்கில் இருக்கும். ஜூலை 1-இல் பசலி தொடங்கும். 2024 ஜூலை முதல் 2025 ஜூன் வரை பசலி 1434. எந்தப் பசலியில் யார் என்ன பயிரிட்டார் என்பது சுவாதீனத்துக்கு நல்ல சாட்சியம். பழைய கிஸ்தி (நில வரி) ரசீதுகள், வீட்டு வரி ரசீதுகள், மின் கட்டண ரசீதுகள் எல்லாவற்றையும் சேருங்கள். தகராறு தொடங்கிய பிறகு அவசரமாகக் கட்டிய வரி ரசீதை நீதிபதி எளிதில் அடையாளம் கண்டுகொள்வார். ஆண்டுதோறும் இடைவிடாமல் கட்டி வந்த ரசீதுக்குத்தான் மதிப்பு.

அளவுகளில் ஒரு பொறி இருக்கிறது. பழைய பத்திரம் ஏக்கர், சென்ட் கணக்கில் இருக்கும். இன்றைய பட்டா ஹெக்டேர், ஏர் கணக்கில் இருக்கும். ஓர் ஏர் என்பது 100 சதுர மீட்டர், ஏறக்குறைய 2.47 சென்ட். பத்திரத்தில் 50 சென்ட் என்று இருந்து பட்டாவில் 0.20.00 ஹெக்டேர் என்று இருந்தால் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றே; 0.15.00 என்று இருந்தால் ஏறக்குறைய 13 சென்ட் எங்கோ போயிருக்கிறது, அது யாருடைய உட்பிரிவில் சேர்ந்தது என்று தேட வேண்டும். 1979 முதல் 1987 வரை நடந்த யூ.டி.ஆர். எனப்படும் நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது இப்படிப்பட்ட பிழைகள் நிறைய நேர்ந்தன. அதற்கு முந்தைய பதிவேடுகளையும் கேட்டு வாங்கி ஒப்பிடுங்கள். எல்லைத் தகராறு மட்டும்தான் என்றால், அரசு நில அளவரைக் கொண்டு அளக்க முதலில் விண்ணப்பியுங்கள். எல்லை காட்டும் அத்துக்கல்லைக் கண்டுபிடித்து நட்டதும் பேசித் தீர்ந்துபோன தகராறுகள் உண்டு.

எந்தப் பரிகாரத்தைக் கேட்பது?

நீதிமன்றம் நீங்கள் கேட்காததைப் பொதுவாகத் தராது. இந்த ஒரு வரியை மனத்தில் நிறுத்திக்கொண்டு கீழுள்ள நிலைகளில் உங்களுடையது எது என்று பாருங்கள்.

நிலம் உங்கள் சுவாதீனத்தில் இருக்கிறது, உங்கள் உரிமையையும் யாரும் தீவிரமாக மறுக்கவில்லை, ஆனால் பக்கத்து நிலத்தார் இடைஞ்சல் செய்கிறார் என்றால், நிரந்தர உறுத்துக்கட்டளை (இடைஞ்சல் செய்யக் கூடாது என்ற நீதிமன்றத் தடையாணை) கேட்டு வழக்குத் தொடுத்தால் போதும். நிலம் உங்களிடம் இருந்தாலும், எதிர்த்தரப்பு தனக்கென்று ஒரு பத்திரத்தைக் காட்டி உங்கள் உரிமையின் மேல் ஐயத்தின் நிழலைப் படர விட்டால், உரிமை உங்களுடையது என்ற விளம்புகையையும், அதாவது நீதிமன்ற அறிவிப்பையும், சேர்த்துக் கேட்க வேண்டும். நிலம் உங்கள் கையைவிட்டுப் போய்விட்டது என்றால் விளம்புகையோடு சுவாதீன மீட்பையும் கேட்க வேண்டும். சுவாதீனம் கேட்கக்கூடிய நிலையில் இருந்தும் விளம்புகையை மட்டும் கேட்டால், 1963-ஆம் ஆண்டின் ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டம் 34-ஆம் பிரிவின்படி அந்த விளம்புகையும் கிடைக்காது. இந்தப் பாகுபாட்டை உச்ச நீதிமன்றம் 2008-இல் ஒரு தீர்ப்பில் தெளிவாக வகுத்துத் தந்திருக்கிறது. அன்றிலிருந்து கீழமை நீதிமன்றங்களில் ஏறக்குறைய ஒவ்வொரு உறுத்துக்கட்டளை வழக்கிலும் அது மேற்கோள் காட்டப்படுகிறது.

நான் அருகிலிருந்து பார்த்த ஒரு வழக்கில், பெரியவர் ஒருவர் தம் 32 சென்ட் தோட்டத்துக்கு வெறும் உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டு வழக்குத் தொடுத்தார். நீதிமன்றக் கட்டணம் குறைவு என்பதே அதற்குக் காரணம். நிலத்தைப் பார்வையிட நீதிமன்றம் நியமித்த ஆணையர் சென்று பார்த்தபோது, தோட்டத்தின் தென்பாதியில் எதிர்த்தரப்பு வைத்த தென்னங்கன்றுகள் இடுப்பளவு வளர்ந்து நின்றன. சுவாதீனம் பெரியவரிடம் இல்லை என்று அங்கேயே தெரிந்துவிட்டது. வழக்குரையைத் திருத்திச் சுவாதீனம் கேட்கலாம் என்று சொன்னோம்; "நான் அங்கேதானே அறுபது வருடமாக இருக்கிறேன்" என்று மறுத்துவிட்டார். அவர் சொன்னது மனத்தளவில் உண்மை. ஆனால் வழக்கு தள்ளுபடியானது. பத்திரம் முழுவதும் அவர் பக்கம் இருந்தும் அவர் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியதாயிற்று.

உங்களை யாராவது சட்டத்துக்குப் புறம்பாக வெளியேற்றி ஆறு மாதங்கள் ஆகவில்லை என்றால், ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டத்தின் 6-ஆம் பிரிவு ஒரு குறுக்குவழியைத் தருகிறது. அங்கே உரிமையை நிரூபிக்க வேண்டியதில்லை. சுவாதீனத்தில் இருந்தீர்கள், உங்கள் சம்மதம் இன்றி வெளியேற்றப்பட்டீர்கள் என்று காட்டினால் போதும். அந்தத் தீர்ப்புக்கு மேல்முறையீடு கிடையாது. அரசுக்கு எதிராக இந்த வழியில் போக முடியாது.

சில நிலங்களுக்கு வழியே வேறு. எதிர்த்தரப்பு குத்தகை உழவர் என்றால், 1955-ஆம் ஆண்டின் தமிழ்நாடு குத்தகை உழவர் பாதுகாப்புச் சட்டத்தின் பாதுகாப்பு அவருக்கு உண்டு. அவரை வெளியேற்றக் கோருவது வருவாய் நீதிமன்றத்தின் வேலை. வீட்டு வாடகைதாரர் என்றால் வாடகை நீதிமன்றம். அரசு ஒரு தரப்பாக இருந்தால், அவசர நிவாரணத்துக்கு நீதிமன்றத்தின் அனுமதி பெற்றாலொழிய, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்புக் கொடுத்த பிறகே வழக்குத் தொடுக்க வேண்டும்.

காலக்கெடு

விளம்புகைக்கு, வழக்குத் தொடுக்கும் உரிமை முதன்முதலில் எழுந்த நாளிலிருந்து 3 ஆண்டுகள். உரிமையை அடிப்படையாகக் கொண்டு சுவாதீனம் கேட்பதற்கு, எதிர்த்தரப்பின் சுவாதீனம் உங்களுக்கு எதிரிடையாக மாறிய நாளிலிருந்து 12 ஆண்டுகள். அந்த 12 ஆண்டுகள் கடந்தால் வழக்கு மட்டுமன்றி, காலவரையறைச் சட்டத்தின் 27-ஆம் பிரிவின்படி உங்கள் உரிமையே அழிந்துபோகும். வெளியூரிலும் வெளிநாட்டிலும் இருப்பவர்கள் இதைக் கவலையோடு படிக்க வேண்டும். எதிரிடை அனுபோகம் என்று எதிர்த்தரப்பு சொல்லிவிட்டால் மட்டும் போதாது; வெளிப்படையாக, இடைவிடாமல், உங்கள் உரிமையை மறுத்து அனுபவித்தார் என்பதை அவரே நிரூபிக்க வேண்டும், உங்கள் அனுமதியோடு இருந்தவருக்கு அந்த வாதம் கிடையாது. அரசு நிலத்துக்கு இந்தக் காலம் 30 ஆண்டுகள். இந்து சமய அறநிலையத் துறைச் சட்டத்தின் கீழ் வரும் கோயில் நிலங்களை மீட்கும் வழக்குக்குக் காலவரையறையே இல்லை. ஆகவே கோயில் நிலத்தில் எத்தனை தலைமுறை இருந்தாலும் அது உங்களுடையதாகிவிடும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

வழக்குத் தொடுத்தல்

நிலம் எங்கே இருக்கிறதோ அந்த எல்லைக்குட்பட்ட நீதிமன்றத்தில்தான் தொடுக்க வேண்டும். மதிப்பைப் பொறுத்து அது மாவட்ட உரிமையியல் நீதிமன்றமாகவோ, சார்பு நீதிமன்றமாகவோ, மாவட்ட நீதிமன்றமாகவோ இருக்கும். நீதிமன்றக் கட்டணம் தமிழ்நாட்டில் 2017-இல் 7.5 விழுக்காட்டிலிருந்து 3 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. விளம்புகையும் சுவாதீனமும் கேட்டால் நிலத்தின் சந்தை மதிப்பின் மேலும், விளம்புகையும் உறுத்துக்கட்டளையும் கேட்டால் அந்த மதிப்பின் பாதியின் மேலும் கட்டணம் கணக்கிடப்படும். கட்டணத்தை மிச்சப்படுத்தத் தவறான பரிகாரத்தைக் கேட்பது எவ்வளவு பெரிய இழப்பு என்பதை மேலே சொன்ன தோட்டத்தின் கதையிலேயே பார்த்தோம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், குறைந்த வருமானம் உடையோர் ஆகியோருக்குச் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரை அமர்த்தித் தரும். ஒவ்வொரு நீதிமன்ற வளாகத்திலும் வட்டச் சட்டப்பணிகள் குழு எங்கே என்று கேளுங்கள், அல்லது 15100 என்ற எண்ணை அழையுங்கள்.

வழக்குரையின் கடைசியில் வரும் சொத்து விவரம், அனைவரும் அவசரமாகக் கடந்துபோகிற பகுதி. உண்மையில் அதைத்தான் மிகுந்த கவனத்தோடு எழுத வேண்டும். மாவட்டம், வட்டம், கிராமம், சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நான்கெல்லை ஆகிய அனைத்தும் பத்திரத்தோடும் புலப்படத்தோடும் ஒத்துப்போக வேண்டும். பத்திரத்தில் வடக்கே "வாய்க்கால்" என்று இருந்து, இன்றைக்கு அந்த வாய்க்கால் தூர்ந்து தார்ச்சாலை ஆகியிருந்தால், அதையும் விளக்கி எழுத வேண்டும். தாக்கல் செய்யும் முன் வழக்கறிஞரிடமிருந்து வழக்குரையை வாங்கி, வாசிக்கத் தெரிந்த ஒருவரைக் கொண்டாவது முழுவதும் வாசிக்கக் கேட்டுவிட்டுக் கையெழுத்திடுங்கள். குறுக்கு விசாரணையில் உங்களைக் கேட்கப்போவது அந்த வரிகளைப் பற்றித்தான்.

வழக்கோடு இடைக்கால உறுத்துக்கட்டளை மனுவையும் தாக்கல் செய்யலாம். முதல்நோக்கில் உங்கள் வழக்குக்கு முகாந்திரம் உண்டா, தடை விதித்தால் யாருக்கு அதிக இடர்ப்பாடு, விதிக்காவிட்டால் பணத்தால் ஈடுசெய்ய முடியாத இழப்பு நேருமா என்ற மூன்றையும் நீதிபதி பார்ப்பார். எதிர்த்தரப்பைக் கேளாமலே உத்தரவு கிடைத்தால், அதன் நகலை உடனடியாக அவருக்கு அனுப்பியாக வேண்டும். இதில் தவறினால் உத்தரவு நீக்கப்படலாம். உத்தரவை மீறுபவருக்கு மூன்று மாதம் வரை உரிமையியல் சிறை உண்டு. நிலத்தின் நிலையைப் பதிவு செய்ய ஆணையரை நியமிக்கக் கேட்கலாம். அவர் வரப்பு, கட்டடம், மரங்கள் ஆகியவற்றை அளந்து அறிக்கை தருவார். சுவாதீனம் யாருடையது என்று தீர்மானிப்பது அவர் வேலையில்லை.

மறுபக்கத்தில் நீங்கள் பிரதிவாதியாக இருந்தால், சம்மன் கிடைத்த நாளைக் குறித்துக்கொள்ளுங்கள். எதிர்வழக்குரை தாக்கல் செய்ய 30 நாள். அதிகபட்சமாக 90 நாள் வரை நீட்டிக்கலாம் என்று சட்டம் சொல்கிறது. சம்மனை வாங்க மறுப்பதால் வழக்கு நிற்காது, உங்களைக் கேளாமலே ஒருதலைத் தீர்ப்பு ஆகிவிடும். அப்படி ஆகியிருந்தால் 30 நாளுக்குள் அதை நீக்கக் கோரி மனுச் செய்ய வேண்டும். யாரோ உங்கள் மேல் வழக்குத் தொடுக்கப்போகிறார் என்று முன்பே தெரிந்தால் கேவியட் மனுத் தாக்கல் செய்யுங்கள். 90 நாள்களுக்கு, உங்களைக் கேளாமல் இடைக்கால உத்தரவு பிறப்பிக்கப்படாமல் அது பார்த்துக்கொள்ளும்.

விசாரணை

இரு தரப்பு வாதங்களிலிருந்தும் நீதிமன்றம் எழுவினாக்களை, அதாவது தான் தீர்மானிக்க வேண்டிய கேள்விகளை, வனையும். அதன்பின் நீங்கள் முதல் சாட்சியாக நிரூபண வாக்குமூலம் தாக்கல் செய்து, ஆவணங்களைச் சான்றாவணங்களாகக் குறியீடு செய்வீர்கள். பிறகு குறுக்கு விசாரணை. வாதி தன் ஆவணங்களின் வலிமையால்தான் வெல்ல வேண்டும், எதிர்த்தரப்பின் பலவீனத்தால் அல்ல. ஆகவே "அவருடைய பத்திரம் போலி" என்பதையே சொல்லிக்கொண்டிருக்காமல் உங்கள் பத்திரத் தொடர்ச்சியை உறுதியாகச் சொல்லுங்கள். கூண்டில் நிற்கும்போது தெரியாத கேள்விக்குத் தெரியாது என்று சொல்வதில் இழிவில்லை. "உங்கள் நிலத்துக்குக் கிழக்கே யார் நிலம்?" என்ற எளிய கேள்விக்கு, சொந்த நிலத்துக்குப் பத்து ஆண்டுகளாகப் போகாதவர் தடுமாறும்போது, அறை முழுவதும் அமைதியாகிவிடும். அதனால் விசாரணைக்கு முந்தைய வாரம் ஒருமுறை நிலத்தைச் சுற்றி நடந்துவிட்டு வாருங்கள். ஒவ்வொரு வாய்தாவையும் ஈகோர்ட்ஸ் செயலியில் உங்கள் வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைக் கொண்டு நீங்களே பார்த்துக்கொள்ளலாம்.

வழக்கு நிலுவையில் இருக்கும்போது எதிர்த்தரப்பு நிலத்தை வேறொருவருக்கு விற்றாலும், சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவின்படி வாங்கியவர் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர்தான். எந்தக் கட்டத்திலும் சமரச மையத்துக்கோ லோக் அதாலத்துக்கோ போகலாம். அண்ணன் தம்பி, பங்காளி வழக்குகளில் நான் இதையே முதலில் பரிந்துரைப்பேன்: லோக் அதாலத்தில் முடிந்தால் மேல்முறையீடு இல்லை, கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும், பொங்கலுக்கு ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போகவும் முடியும்.

தீர்ப்புக்குப் பிறகு

தோற்றவர் முதல் மேல்முறையீட்டில் உண்மைகளையும் சட்டத்தையும் சேர்த்தே எழுப்பலாம். உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு சட்டம் சார்ந்த முக்கிய வினா இருந்தால் மட்டுமே. மேல்முறையீடு தாக்கலாகிவிட்டது என்பதாலேயே தீர்ப்பாணை நின்றுவிடாது, தடையுத்தரவு தனியாகப் பெற வேண்டும். வென்றவர் 12 ஆண்டுக்குள் நிறைவேற்றுதல் மனுத் தாக்கல் செய்ய வேண்டும். நிறைவேற்றுதல் மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் கூறியிருப்பதை உங்கள் வழக்கறிஞர் நீதிமன்றத்தில் எடுத்துச் சொல்லலாம்.

சுவாதீனம் ஒப்படைக்கும் நாளில் நீதிமன்ற ஊழியரான அமீனா ஆணையோடு நிலத்துக்கு வருவார். எதிர்ப்பு வரும் என்று அஞ்சினால் காவல் பாதுகாப்புக்கும், பூட்டை உடைப்பதற்கும் முன்கூட்டியே நீதிமன்ற உத்தரவு வாங்கி வைத்திருங்கள். மூன்றாம் நபர் ஒருவர் "இது என்னுடையது" என்று மறித்தால் கைகலக்காமல், அந்தத் தடையை அமீனாவின் அறிக்கையில் எழுதச் செய்து, உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21, விதி 97-இன் கீழ் மனுச் செய்யுங்கள். அவருடைய உரிமையையும் அதே நீதிமன்றமே தீர்மானிக்கும். ஒப்படைப்பு முடிந்ததும் அமீனா எழுதும் ஒப்படைப்புச் சீட்டில் சர்வே எண்ணும் நான்கெல்லையும் சரியாக இருக்கின்றனவா என்று பார்த்துவிட்டுத்தான் கையெழுத்திட வேண்டும். அன்றைக்கே வேலியைப் போட்டுவிடுங்கள். பிறகு தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்தால் அது வில்லங்கச் சான்றிதழில் ஏறும். அதே நகலை வைத்து வட்டாட்சியரிடம் பட்டா மாற்றத்துக்கும் விண்ணப்பியுங்கள்.